கடைத்தெருவில் ஒரு சுவை உலா

ஓர் ஊரை அறிய விரும்புவோர் அதன் கோயிலையும் கடற்கரையையும் காண்பது பழைய வழக்கம். காலை வேளையில் அதன் கடைத்தெருக்களில் நடந்து, ஐந்தாறு இடங்களில் நின்று, ஒவ்வோரிடத்திலும் ஒரு வாய் உண்டு பார்ப்பது இக்காலத்தில் பரவிவரும் வழக்கம். டில்லியின் சாந்தினி சவுக்கிலும் சென்னையின் சவுகார்பேட்டைத் தெருக்களிலும் கட்டணம் பெற்றுக்கொண்டு எட்டுப் பத்துப் பேரை இவ்வாறு அழைத்துச் செல்லும் வழிகாட்டிகள் உளர். சிங்கப்பூரின் உணவங்காடிப் பண்பாட்டை 2020-ஆம் ஆண்டில் யுனெஸ்கோ தன் மரபுப் பட்டியலில் சேர்த்தது என்றால் இதன் மதிப்பை ஊகித்துக்கொள்ளலாம். நம் தீவுக்கு வரும் பயணிகளோ சிற்றறைச் சிறையைப் பார்க்கின்றனர். முன்பு ஹேவ்லாக் எனப்பட்ட சுவராஜ் தீவுக்குக் கப்பலேறுகின்றனர். இரவில் ஒரு விடுதியில் பெரிய சிங்கி இறாலைத் தின்று ஊர் திரும்புகின்றனர். இங்குள்ள குடும்பங்கள் அன்றாடம் உண்பது என்ன என்பது அவர்களுக்குத் தெரியாது. அது போகட்டும், அடுத்த வீட்டு அடுப்பில் வேகுவது என்ன என்று நமக்கேனும் தெரியுமா?

இருப்புப்பாதையே இல்லாத இத்தீவில் ரயில் முன்பதிவுச் சீட்டு எழுதும் உத்தியோகம் நமக்கு. கேட்பவர் நகைப்பர். ஆயினும் சென்னையிலோ கல்கத்தாவிலோ கரையேறியபின் பிடிக்கவேண்டிய வண்டிக்கு இங்கிருந்தே இடம் பதிய வேண்டுமல்லவா? ஒருவர் மானாமதுரைக்குக் கேட்பார். அடுத்தவர் ஸ்ரீகாகுளம் ரோட்டுக்கு. பின்னால் நிற்பவர் திரூருக்கு. அவருக்கும் பின்னவர் ராஞ்சிக்கு. 2011-ஆம் ஆண்டுக் குடிக்கணக்கின்படி இத்தீவுகளின் மக்கள் மூன்று லட்சத்து எண்பதாயிரம் பேர். அவர்களுள் வங்க மொழியினர் நூற்றுக்கு இருபத்தெட்டுப் பேர் அளவினர், தமிழர் பதினைவர், தெலுங்கர் பதின்மூவர் போலாவர். சீட்டு வாங்க வருகிறவரின் ஊர்ப்பெயரைக் கேட்டதும் அவர் வீட்டு மீன்குழம்பில் புளி விழுமா, கடுகெண்ணெய் விழுமா என்று நாம் மனத்துக்குள் கணக்கிடுவதுண்டு. அந்தக் கணக்குச் சரிதானா என்று நேரில் பார்க்கவேண்டும் என்னும் ஆவலே இந்த உலாவுக்குத் தூண்டுகோல்.

நாம் குடியிருப்பது சிப்பிகாட். போர்ட் பிளேரிலிருந்து (2024 செப்டம்பர் முதல் அதன் பெயர் ஸ்ரீ விஜயபுரம்) சுமார் 14 கிலோமீட்டர். தமிழில் சிப்பி என்பதை இந்தியில் சீப்பி என்பர். ஆகவே ஊர்ப்பெயரை எவரும் நமக்கு விளக்க வேண்டியதில்லை. கிராம்பு, ஜாதிக்காய், இலவங்கப்பட்டை, மிளகு முதலியன வளரும் அரசாங்கப் பண்ணையால் பெயர் பெற்ற ஊர் இது. பசிபிக் தீவுகளிலிருந்து கொணர்ந்த தென்னை வகைகளையும் இங்கே நட்டு ஆராய்ந்திருக்கிறார்கள். பண்ணைக்கு அப்பால் நெல்வயல்கள் இருந்தன. 2004 டிசம்பர் 26 அன்று நிலம் அதிர்ந்து, ஏறத்தாழ ஒரு மீட்டர் தாழ்ந்தது. கடல் உள்ளே வந்தது. வந்த நீர் திரும்பிப் போகவில்லை. இன்று அந்த வயல்களில் நாரையும் கொக்கும் மீன் பிடிக்கின்றன. வெளியூரார் அவற்றைப் படம் எடுக்கிறார்கள்.

அந்த நீருக்கடியில் கிடக்கும் வயல்களுள் ஒன்று நம் வழிகாட்டியினுடையது. எழுபது கடந்த அம்மூதாட்டியை ஊரார் அனைவரும் ஆத்தா என்றே அழைப்பர். இராமநாதபுரத்துச் சீமையிலிருந்து மணமாகி வந்தவர். கீரைக்கட்டுகளைக் கூடையில் அடுக்கி முதல் பஸ்ஸில் ஏறி மோகன்புரா மார்க்கெட்டில் விற்றுவருவது அவருடைய நாற்பதாண்டுப் பழக்கம். நான்கு மொழிகளில் பேரம் பேசுவார். ஒன்றிலும் எழுதத் தெரியாது. மூன்று குடும்பங்களைச் சேர்ந்த எட்டுப் பேர், ஒரு ஞாயிற்றுக்கிழமை விடியற்காலையில் அவர் பின்னே கிளம்பினோம். பஸ் கராச்சர்மாவைக் கடக்கும்போதே ஆத்தா சட்டம் போட்டுவிட்டார். “ஒரு தட்டை ரெண்டு பேரு பங்கு வச்சுக்கங்க. முதல் கடையிலேயே வயித்தை ரொப்பினா மூணாவது கடையில திண்ணை தேடுவீங்க. பிடிக்கலைன்னா முகத்தைச் சுளிக்காம எனக்குக் கொடுத்திடுங்க.” இதைக் காட்டிலும் நல்ல விதிகளைக் கட்டணம் வாங்கும் வழிகாட்டியும் கூறியிருக்க முடியாது.

முதலில் ஜங்கிளிகாட். படகுகள் வந்து சேரும் துறை. வஞ்சிரமும் சூரையும் சங்கராவும் ஈரத் தரையில் பரப்பப்பட்டிருந்தன. கூவுவோரிற் பெரும்பாலோர் தெலுங்கர், வாங்குவோர் எல்லோரும். மீன் வாங்கும் முறையில் இனம் தெரிந்துவிடுகிறது. நம்மவர் செவுளைத் தூக்கிப் பார்க்கின்றனர். வங்காளியர் தலையைத் தனியே கேட்டு வாங்குகின்றனர். தலையைப் பருப்பில் இட்டுச் சமைப்பது அவர்களுக்கு விருந்து. துறையை அடுத்த சிறு கடை ஒன்றில் ஆவி பறக்கும் இட்டலிக்கு முந்தின நாள் மீன்குழம்பு ஊற்றினார்கள். இதைக் குறித்து அதிகம் எழுதத் தேவையில்லை. உண்டவர் அறிவர், உண்ணாதவருக்குச் சொல்லிப் பயனில்லை.

மோகன்புரா மார்க்கெட் ஆத்தாவின் இராச்சியம். அங்கே நம் கண்ணில் முதலில் பட்டது பர்மா தனியா. விரல் நீள இலை. ஓரமெல்லாம் பல் பல்லாக இருக்கும். கொத்துமல்லிக்கு உறவு என்று மணம் சொல்லும். ஆனால் அதைப்போல் மூன்று பங்கு உரம் உடையது. ஈரமும் நிழலும் உள்ள கொல்லையில் தானே கிளைத்து வளரும். கப்பலில் வரும் கொத்துமல்லி வாடிக் கிடக்கும் நாளில் நம் வீட்டு ரசத்துக்கும் இதுவே கதி. இதன் பெயரிலேயே ஒரு சரித்திரம் இருக்கிறது. 1925-ஆம் ஆண்டு முதல் பர்மாவிலிருந்து கரேன் மக்கள் வந்து மாயாபந்தர்ப் பக்கத்தில் குடியேறினார்கள். பர்மாவின் வாசனை இத்தீவின் அடுக்களைகளுக்குப் புதிதன்று. இதே பர்மாவிலிருந்து 1960-களில் துரத்தப்பட்டுச் சென்னை வந்த தமிழர் கடற்கரை ரயில் நிலையத்துக்கு எதிரே அத்தோ விற்றுப் பிழைத்ததையும், இன்றும் அங்கே மாலை வேளையில் அதற்குக் கூட்டம் நிற்பதையும் சென்னையிலிருந்து வந்த நேயர்கள் அறிவார்கள். இழந்த ஊரைப் பெட்டியில் எடுத்துவர முடியாது. கைப்பக்குவத்தைச் சுங்கச்சாவடியில் யாரும் பறிமுதல் செய்வதில்லை.

அடுத்து ஒரு வங்காளிக் கடையில் ஜால்முரி. பொரியில் வெங்காயம், பச்சைமிளகாய், ஊறின கடலை, பச்சைக் கடுகெண்ணெய் சேர்த்துக் குலுக்கிக் காகிதப் பொட்டலத்தில் தருகிறார்கள். நம்முடன் வந்த அம்மையார் ஒருவர், கடுகெண்ணெயின் நெடி மூக்கில் ஏறியதும், “இது தலைக்குத் தேய்க்கிற எண்ணெய் அல்லவா?” என்று பின்வாங்கினார். இருபத்திரண்டு ஆண்டுகள் வங்காளிக் குடும்பத்துக்கு அடுத்த வீட்டில் வாழ்ந்தவர் அவர்! ஆத்தா ஒன்றும் கூறாமல் தம் பொட்டலத்திலிருந்து ஒரு பிடி எடுத்து அவர் கையில் வைத்தார். தின்று முடித்தபின் அவ்வம்மையார் மற்றொரு பொட்டலம் வாங்கியதை அவருடைய அனுமதியுடனேயே இங்கே எழுதுகிறோம்.

கடையின் ஓரத்தில் ஒரு முதியவர் சேம்பும் பசலையும் பரப்பி அமர்ந்திருந்தார். ஆத்தா “தாதா” என்றார். அவர் “தீதீ” என்றார். கிழக்கு வங்கத்திலிருந்து அகதிகளாக வந்த குடும்பங்களை 1949 முதல் அரசாங்கம் இத்தீவுகளில் குடியமர்த்தியதே, அக்குடும்பங்களுள் ஒன்றின் மகன் அவர். சிப்பிகாட்டில் இருவருடைய வயல்களுக்கும் இடையே ஒரே வரப்பு. ஒரு தை மாதத்தில் ஆத்தா பொங்கல் கொடுத்தனுப்பினால், அவர் வீட்டில் பௌஷ மாதக் கடைசியில் செய்யும் அரிசிமாவுப் பிட்டா பதிலுக்கு வரும். இரண்டு பண்டிகைகளும் அடுத்தடுத்து வருவன. இரண்டும் புத்தரிசியை எதிர்பார்ப்பன. “இப்போது?” என்று உடன் வந்த சிறுவன் கேட்டான். “இப்பவும் குடுக்கறோம். கப்பல் அரிசி” என்றார் ஆத்தா. முதியவர் இந்தியில் ஏதோ கூறி நகைத்தார். ஆத்தா அதை நமக்கு மொழிபெயர்க்கவில்லை.

நேயர்கள் இவ்விடத்தில் சற்று நின்று எண்ணவேண்டும். சென்னைத் துறைமுகத்துக்கும் நமக்கும் இடையே சுமார் 1,190 கிலோமீட்டர் கடல். அரிசி, பருப்பு, வெங்காயம், உருளைக்கிழங்கு யாவும் அதைக் கடந்தே வருகின்றன. புயல் எச்சரிக்கையால் கப்பல் தாமதித்தால் மறுநாளே வெங்காயத்தின் விலை ஏறுவது நாம் அறிந்ததே. இந்நிலையில் கொல்லையில் தானே வளரும் சேம்பையும் பசலையையும் பர்மா தனியாவையும் சமைக்கத் தெரிந்த கைகள் குறைந்துகொண்டே வருகின்றன. சந்தையில் அவற்றை விற்போரில் ஐம்பது வயதுக்குக் கீழ்ப்பட்டவர் ஒருவரையும் நாம் அன்று காணவில்லை.

அபர்தீன் கடைத்தெருவுக்கு ஏறும் வழியில் ஓர் அம்மையார் தேங்காய் ரொட்டி சுட்டுக்கொண்டிருந்தார். கனத்த ரொட்டி, உடன் இடித்த சம்பல். அது தமிழ்நாட்டுப் பண்டமன்று, மலையகப் பண்டம். 1964-ஆம் ஆண்டு ஸ்ரீமாவோ - சாஸ்திரி உடன்படிக்கையின் பின் இலங்கைத் தோட்டங்களிலிருந்து திருப்பி அனுப்பப்பட்ட நம்மவருள் சிலரைக் கச்சால் தீவின் ரப்பர்த் தோட்டத்தில் குடியமர்த்தினார்கள். கச்சாலை 2004-இல் கடல் சூறையாடியது. இரண்டு முறை வேரறுந்தவர்களின் ரொட்டி அது. சுட்டவரிடம் நாம் கதை கேட்கவில்லை. அடுப்பின் முன் நிற்பவரிடம் அதைக் கேட்பது முறையன்று என்று ஆத்தா கண்ணாலேயே தடுத்துவிட்டார். ரொட்டியை மட்டும் இருமுறை கேட்டு வாங்கினோம்.

மணிக்கூண்டுக்கு அருகே மலையாளத்துக் கடை. அரிசிமாவுப் பத்திரியும் ஆட்டிறைச்சிக் குழம்பும். 1921 கிளர்ச்சிக்குப் பின் நாடு கடத்தப்பட்ட மாப்பிளமார் தென் அந்தமானில் குடியேறித் தம் சிற்றூர்களுக்கு மஞ்சேரி, மலப்புறம், வண்டூர், காலிகட் என்று பெயரிட்டனர். பெயரை நட்டதுபோலவே பத்திரியையும் நட்டுவிட்டார்கள். தென்னாப்பிரிக்காவின் டர்பனில் நம் நாட்டார் ரொட்டியைக் குடைந்து அதற்குள் குழம்பை ஊற்றித் தந்த ‘பன்னி சௌ’ இன்று அந்நகரத்தின் பொது உணவாகிவிட்டது. இங்கே பத்திரிக்கு அந்தப் பெருமை இன்னும் வரவில்லை. வரத் தகுந்தது என்பது நம் துணிபு.

அக்கடையின் மூலையில் தேநீர் அருந்திக்கொண்டிருந்த பெரியவர் தீவிலேயே பிறந்தவர். தம் தாயார் சொன்ன பஞ்சத்தைச் சொன்னார். 1942 மார்ச்சில் ஜப்பானியர் வந்தார்கள். 1945 அக்டோபர் வரை தீவு அவர்கள் கையில் இருந்தது. வெளியிலிருந்து கப்பல் வரவில்லை. கிழங்கும் கீரையும் கிடைத்தவன் பாக்கியவான். நம் தோட்டங்களை இன்று அழிக்கும் பெரிய ஆப்பிரிக்க நத்தையை உணவுக்காகக் கொண்டுவந்தவர்களும் அவர்களே என்பர். 1945 ஆகஸ்டில், பயிரிடுவதற்கு என்று கூறி நூற்றுக்கணக்கானோரைக் கப்பலில் ஏற்றி ஹேவ்லாக் தீவின் அருகே கடலில் இறக்கிவிட்டனர். தப்பியவர் மிகச் சிலர். இன்று சிங்கி இறால் தின்னப் பயணிகள் செல்லும் தீவு அதுவே. பெரியவர் சொல்லி முடித்ததும் சிறுவர்கள் தட்டில் மிச்சம் வைத்திருந்த பத்திரியை ஒருவரும் சொல்லாமலே எடுத்து உண்டார்கள்.

இறுதியில் ரசகுல்லா. இனிப்பைக் குறித்து நமக்கு அதிக ஞானம் இல்லை. குழந்தைகள் நன்று என்றார்கள்.

இத்தகைய உலாவைச் சுற்றுலாப் பயணிகளுக்கும் கட்டணத்துக்கு நடத்தலாமே என்று சங்கத்து இளைஞர் சிலர் கூறுகிறார்கள். விற்போருக்கு நாலு காசு சேருமானால் நாம் தடை சொல்லோம். ஆனால் மீன் துறையில் ஏலம் நடக்கும் வேளையில் இருபது பேர் படக்கருவியுடன் வழிமறித்து நின்றால் படகுக்காரர்கள் வைவார்கள், வைவதும் நியாயமே. எட்டுப் பேருக்கு மேல் கூடாது. விற்பவருக்குத் தெரிந்த ஒருவர் முன்னே போகவேண்டும். ருசி பார்க்கக் கேட்பதை இனாமாகக் கேட்கக் கூடாது. நமக்கு அன்று பஸ் கட்டணம் நீங்கலாக ஆளுக்கு 150 ரூபாய்க்குள் முடிந்தது. இறாலும் நண்டும் ஒவ்வாதவர்கள் முன்கூட்டியே சொல்லிவிடுதல் அவசியம். ஒரே எண்ணெயில் எல்லாவற்றையும் பொரிப்பார்கள்.

ஆத்தாவின் சேம்பிலைக் குழம்பையும் வங்காளி முதியவரின் வீட்டுப் பிட்டாவையும் அவரவர் வாய்மொழியாகவே எழுதிக்கொள்ளும் பணியை நம் வீட்டார் தொடங்கியிருக்கின்றனர். அளவு கேட்டால் இருவரும் உள்ளங்கையைக் காட்டுகிறார்கள். ஆகவே சிறிது தாமதமாகிறது. அடுத்த உலா மழை விட்டபின், ஜனவரியில் ஒரு ஞாயிறன்று. வர விரும்பும் குடும்பத்தார் முன்னதாகப் பெயர் கொடுக்கவும். காலை முதல் பஸ்ஸுக்குச் சில்லறையும், கீரை வாங்கிவர ஒரு துணிப்பையும் கொண்டுவருக.