மரங்களுக்காக உயிர் நீத்த சாஸ்திரி
அமெரிக்காவில் கான்ஸாஸ் மாகாணத்தில் 1945-ஆம் வருஷம் பிறந்த ஆல்வின் ஜென்ட்ரி, மிஸௌரி தாவரத் தோட்டத்தின் சார்பில் தென்னமெரிக்கக் காடுகளில் அலைந்து உழைத்த தாவர சாஸ்திரி. பூவையும் காயையும் கொண்டே மரத்தை இனங்காண்பது பண்டிதர் வழக்கம். இவரோ அவை இல்லாத காலத்திலும் இலையின் அமைப்பு, பட்டையின் வாசனை முதலியவற்றைக் கொண்டே இனங்கண்டார். பெரு தேசத்தில் ஒரே ஹெக்டேரில், அதாவது ஏறக்குறைய இரண்டரை ஏக்கரில், மரங்களும் பெருங்கொடிகளுமாகச் சுமார் 300 இனங்கள் உள என்று 1988-இல் வெளியிட்டார்.

1993 ஆகஸ்டு 3-ஆம் தேதி, ஈக்வடாரில் காக்கத்தக்க காடுகளை ஆகாயத்திலிருந்து பார்வையிடச் சென்றபோது, விமான விபத்தில் 48-ஆம் வயதிலேயே மாண்டார். பெயர் சூட்டப்படாத மரம் கோடரிக்கு இரையானால், இழந்தது இன்னதென்றுகூட உலகம் அறியாது. அவ்வறியாமையை எதிர்த்தே அவர் போராடினார். இதுவன்றோ லோக சேவை!