அட்மிஷன் பாரத்தில் யார் கையெழுத்துப் போடுவது?

"அவனுக்கு என்ன டாக்டர் தெரியும்? நீங்க அட்மிட் பண்ணிக்குங்க, நான் கையெழுத்துப் போடறேன்!"

மனநல மருத்துவரின் அறையில் அடிக்கடி கேட்கிற வசனம் இது. சொல்பவர் அப்பாவாக இருக்கலாம், அண்ணனாக இருக்கலாம், பல சமயம் கணவர். கெட்ட எண்ணமெல்லாம் கிடையாது. பத்து நாளாக ராத்தூக்கம் இல்லாமல் தவித்துவிட்டு, "கல்யாணத்துக்குப் போறோம்" என்று பொய் சொல்லிக் காரில் ஏற்றி அழைத்து வந்திருப்பார்கள். ஆனால் இன்றைய சட்டம் அந்தக் கையெழுத்தை அவ்வளவு சுலபமாக ஏற்றுக்கொள்வதில்லை. முதலில் நோயாளியிடம் பேசு, அவருக்குப் புரிகிறதா என்று பார் என்கிறது.

2017-ல் நிறைவேறி, 2018 மே 29 முதல் அமலில் உள்ள மனநலப் பராமரிப்புச் சட்டம்தான் அது. அதற்கு முன்பு இருந்தது 1987-ஆம் வருடச் சட்டம். அதற்கும் முன்னால், 1912-ல் வெள்ளைக்காரர்கள் கொண்டுவந்த 'பைத்தியக்காரர்கள்' சட்டம். பெயரைக் கேட்டாலே தெரியவில்லையா, அது யாரிடமிருந்து யாரைக் காப்பாற்ற வந்ததென்று!

புதிய சட்டத்தின் அஸ்திவாரமே 'முடிவெடுக்கும் திறன்' என்ற விஷயம்தான். என்ன சிகிச்சை, எதற்காக என்று எளிமையாகச் சொன்னால் புரிந்துகொள்கிறாரா? அதை ஏற்றால், அல்லது மறுத்தால், என்ன ஆகும் என்பது அவருக்குப் பிடிபடுகிறதா? தன் முடிவைப் பேச்சிலோ சைகையிலோ தெரிவிக்க முடிகிறதா? டாக்டர் பார்ப்பது இதைத்தான். வியாதியின் பெயரை வைத்து மட்டும் தீர்மானிப்பதில்லை.

ஒரு உதாரணம் பாருங்கள். ஸ்கிசோஃப்ரினியா உள்ள ஒரு பெண். பக்கத்து வீட்டுக்காரர்கள் தன்னைப் பற்றியே பேசுகிறார்கள் என்று இன்னமும் நம்புகிறார். ஆனால் டாக்டரிடம், "இந்த மாத்திரை போட்டா உடம்பு ஊதிடுது, வேற ஏதாவது கொடுங்க" என்கிறார். அந்த மாத்திரைகளில் சில உண்மையிலேயே எடையைக் கூட்டக்கூடியவைதான். அப்படியானால் இந்த ஒரு விஷயத்தில் அவர் பேசுவது முழுக்க நியாயம். பக்கத்து வீட்டுச் சந்தேகம் ஒரு பக்கம் இருக்க, மாத்திரையைப் பற்றி முடிவெடுக்கும் திறன் அவருக்கு இருக்கிறது. நமக்குத் தப்பாகப் படும் முடிவை ஒருவர் எடுத்தார் என்பதற்காகவே அவருக்குத் திறன் இல்லை என்று சொல்லிவிடக் கூடாது. இது சட்டத்திலேயே எழுதியிருக்கிறது. எப்போதோ ஆஸ்பத்திரியில் இருந்தார் என்பதும் காரணமாகாது.

இந்தத் திறன் நாளுக்கு நாள் மாறவும் கூடும். மேனியா உச்சத்தில் இருப்பவர் இன்று எதையும் காதில் வாங்க மாட்டார். இரண்டு வாரம் கழித்து அவரே உட்கார்ந்து நிதானமாகப் பேசுவார்.

"அப்ப, மாட்டேன்னா விட்டுடணுமா?"

நியாயமான கேள்வி. விட வேண்டாம். தானாக வந்து சேர்கிறவருக்கு யாருடைய சம்மதமும் தேவையில்லை. ஆனால் தன்னையே காயப்படுத்திக்கொள்ளும் நிலையில் இருப்பவர், அடுத்தவர் மேல் பாய்கிறவர், சோறு தண்ணீர்கூடக் கவனிக்காமல் ஆபத்தான கட்டத்துக்குப் போய்விட்டவர் விஷயம் வேறு. இவர்களுக்காக 'ஆதரவுடன் கூடிய அனுமதி' என்ற வழி இருக்கிறது. ஒரு மனநல மருத்துவரும், இன்னொரு மனநல நிபுணரோ மருத்துவரோ, தனித்தனியாகப் பரிசோதிக்க வேண்டும். வேறு சுலபமான வழி இல்லை என்று இருவருக்கும் பட்டால் 30 நாள் வரை வைத்திருக்கலாம். ஏழு நாளைக்கு ஒரு தடவை அவருடைய திறனைத் திரும்பப் பார்க்க வேண்டும். மனநல மறு ஆய்வு வாரியத்துக்கும் ஏழு நாளுக்குள் தகவல் போக வேண்டும். பெண்கள், சிறுவர்கள் என்றால் மூன்றே நாள். உயிருக்கு ஆபத்தான அவசரம் என்றால் எந்த டாக்டரும் 72 மணி நேரம் வரை சிகிச்சை தரலாம். ஆனால் அந்த அவசரத்தில் ஷாக் ட்ரீட்மெண்ட் கொடுக்கக் கூடாது.

சங்கிலி போடவே கூடாது என்றும் சட்டம் சொல்கிறது. ஏர்வாடியை நாம் மறந்துவிட முடியுமா? 2001 ஆகஸ்ட் 6 அன்று பிடித்த தீயில் 28 பேர் இறந்தார்கள். கட்டிப் போட்டிருந்ததால் அவர்களால் ஓட முடியவில்லை.

ஒரு வெள்ளைத்தாள் போதும்

ஆதரவுடன் கூடிய அனுமதிக்கு விண்ணப்பம் கொடுக்க வேண்டியவர் நோயாளியின் 'நியமனப் பிரதிநிதி'. பாங்க் நாமினி மாதிரி நினைத்துவிடாதீர்கள். அவர் நமக்குப் பிறகு வருபவர், இவர் நாம் இருக்கும்போதே நமக்காகப் பேசுபவர். வயது வந்த யாரும், வயது வந்த இன்னொருவரை, ஒரு வெள்ளைத்தாளில் எழுதிக் கையெழுத்தோ கைநாட்டோ வைத்து நியமிக்கலாம். உறவுக்காரராக இருக்க வேண்டும் என்பதில்லை, பால்ய சிநேகிதியாகவும் இருக்கலாம். மனசு மாறினால் மாற்றிக்கொள்ளலாம்.

எழுதி வைக்காவிட்டால்? உறவினர், அவரும் இல்லையென்றால் கவனித்துக்கொள்பவர் என்று சட்டமே வரிசை போடுகிறது. சிக்கல் எங்கே என்றால், அந்த 'உறவினர்' அம்மாவா மனைவியா என்பதில்தான்! ஆஸ்பத்திரி வராந்தாவில் மாமியாரும் மருமகளும் இதற்காக மல்லுக்கு நிற்க வேண்டுமா? நல்ல நாளிலேயே எழுதி வைத்துவிட்டால் தீர்ந்தது.

இதோடு சேர்த்து 'முன்கூட்டிய அறிவுறுத்தல்' ஒன்றையும் எழுதலாம். 'எனக்கு மறுபடி முடியாமல் போனால் இன்ன சிகிச்சை வேண்டும், இன்னது வேண்டாம்' என்று நீங்களே சொல்லி வைப்பது. உங்களுக்குத் திறன் இல்லாத காலத்தில் மட்டும் அது உயிர் பெறும். திறன் திரும்பினால் உங்கள் வாய்ச்சொல்தான். அவசரச் சிகிச்சைக்கு அது பொருந்தாது. பின்பற்ற முடியாது என்று டாக்டரோ குடும்பமோ நினைத்தால் வாரியத்திடம் போகலாம், தாங்களாகவே தூக்கிப் போட முடியாது.

இதெல்லாம் சிகிச்சைக்கு மட்டும்தான். வீட்டை விற்க, பாங்க் பணம் எடுக்க, நியமனப் பிரதிநிதிக்கு அதிகாரம் இல்லை. சொத்தைப் பார்த்துக்கொள்ள மேலாளரை நியமிக்கும் ஏற்பாடு 1987 சட்டத்தில் இருந்தது, புதியதில் அதை விட்டுவிட்டார்கள். அது பெரிய குறைதான். மறதி நோய் முற்றிய பெற்றோருக்காகப் பிள்ளைகள் ஹைகோர்ட் படி ஏறுவது இதனால்தான்.

முன்பு ஒரு தடவை நோய் வந்து குணமானவர் வீட்டில் இருந்தால், அவர் நன்றாக இருக்கும் ஒரு ஞாயிற்றுக்கிழமையில் காபி கொடுத்துவிட்டுக் கேளுங்கள். "போன தடவை நாங்க செஞ்சதில் எது உனக்குக் கஷ்டமா இருந்தது? மறுபடி வந்தா யார் உன் கூட வரணும்?" பதிலை அவர் கையாலேயே எழுதச் சொல்லுங்கள். ஒரு நகல் டாக்டரின் ஃபைலில் இருக்கட்டும். முன்கூட்டிய அறிவுறுத்தலை வாரியத்தில் பதியவும் வேண்டும். சந்தேகம் இருந்தால் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவைக் கேளுங்கள், மனநோய் உள்ளவர்களுக்கு அங்கே சட்ட உதவி இலவசம். ராத்திரி வேளையில் நிலைமை மோசமாகி யாரைக் கேட்பது என்று தெரியாவிட்டால், 14416 என்ற டெலிமனஸ் எண்ணில் 24 மணி நேரமும் தமிழிலேயே பேசலாம்.