தமிழ்ப் படச்சுருள்கள் எங்கே போயின?

தமிழின் முதல் பேசும்படம் ‘காளிதாஸ்’ 1931 அக்டோபர் 31 அன்று சென்னையில் வெளியானது. எச்.எம்.ரெட்டி இயக்கி, டி.பி.ராஜலட்சுமி நடித்த அந்தப் படத்தின் பிரதி ஒன்றுகூட இன்று இல்லை. அன்றைய பத்திரிகை விளம்பரம், விமர்சனம், பாட்டுப் புத்தகம் ஆகியவற்றை வைத்துத்தான் அதைப் பற்றிப் பேச முடிகிறது. அதற்கு முந்தைய ஊமைப்படங்களின் கதி இன்னும் மோசம். கீழ்ப்பாக்கம் மில்லர்ஸ் சாலையில் படப்பிடிப்புக் கூடம் போட்டு ஆர்.நடராஜ முதலியார் எடுத்த ‘கீசக வதம்’ தென்னிந்தியாவின் முதல் கதைப்படம். அதில் ஒரு சுருள்கூட மிஞ்சவில்லை.

தென்னிந்தியாவில் ஊமைப்படக் காலத்தில் எடுக்கப்பட்டவை 124 கதைப்படங்கள். தப்பியது ஒன்றே ஒன்று: நாகர்கோவில் தயாரிப்பாளர் சுந்தர்ராஜ் எடுத்த ‘மார்த்தாண்ட வர்மா’ (1933). அதையும் யாரும் பாதுகாக்க நினைத்துப் பாதுகாக்கவில்லை. படத்துக்கு மூலமான நாவலின் உரிமை தன்னிடம் இருப்பதாக அதன் பதிப்பாளர் வழக்குப் போட்டார், பிரதி முடங்கியது. பதிப்பாளரின் வசமே பல்லாண்டு கிடந்துவிட்டு, 1974இல் புனே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு வந்து சேர்ந்தது. வழக்கு இல்லாமல் ஊர் ஊராக ஓடியிருந்தால் அதுவும் தேய்ந்து மறைந்திருக்கும்.

அழிவுக்கு முதல் காரணம் ஃபிலிமேதான். 1950களின் தொடக்கம் வரை புழங்கிய நைட்ரேட் ஃபிலிம் சட்டெனத் தீப்பற்றும். பற்றினால் தண்ணீர் ஊற்றியும் அணையாது. அடுத்து வந்த அசிட்டேட் ஃபிலிம் எரியாது, ஆனால் அழுகும். புழுக்கமான அறையில் சில ஆண்டுகள் கிடந்த டப்பாவைத் திறந்தால் முதலில் மூக்கில் ஏறுவது வினிகர் நெடி. சுருள் சுருங்கி, ஓரத்துத் துளைகள் இயந்திரப் பற்களோடு பொருந்தாமல் போயிருக்கும். வண்ணப்படமென்றால் நீலமும் பச்சையும் வெளுத்து, எல்லோர் முகமும் ஒரே இளஞ்சிவப்பாகத் தெரியும். கடலோரச் சென்னையின் வெக்கையும் ஈரமும் இந்த வேலையை வேகமாக முடித்துவிடும்.

ஆனாலும் தட்பவெப்பத்தின் மேல் மட்டும் பழி போட முடியாது. படம் இங்கே சரக்காகத்தான் பார்க்கப்பட்டது. தொடக்கத்தில் அந்தச் சரக்கு உருவானதே வெளியூரில்: சென்னையில் பேசும்படம் எடுக்க ஸ்டூடியோ வந்தது 1934இல். அதற்குமுன் தமிழ்ப்படக் குழுக்கள் பம்பாய்க்கும் கல்கத்தாவுக்கும் ரயிலேறின. 1933இன் ‘வள்ளி திருமணம்’ கல்கத்தா பயனியர் ஸ்டூடியோவில் உருவானது. அந்நகர ஸ்டூடியோக்களும் தங்கள் படங்களைக் காப்பாற்றிவிடவில்லை. 1940இல் நியூ தியேட்டர்ஸில் பிடித்த தீயில், தாகூர் இயக்கிய ‘நடீர் பூஜா’வின் சுருள் போயிற்று.

பிரதியின் ஆயுள் வெளியீட்டோடு குறையத் தொடங்கும். ‘பெட்டி’ முதலில் நகரத்துக்குப் போகும், பிறகு சிற்றூர்களுக்கு, கடைசியில் டூரிங் கொட்டகைக்கு. அங்கு வந்து சேரும்போது கீறல் விழுந்து திரையில் மழை பெய்யும். அறுந்த இடத்தை ஆபரேட்டர் வெட்டி ஒட்டுவார். ஒவ்வொரு ஒட்டுக்கும் சில ஃபிரேம்கள் போகும். ஓட்டம் முடிந்த கறுப்பு வெள்ளைப் பிரதிகளை வெள்ளி பிரித்தெடுக்கிறவர்கள் எடைக்கு வாங்கிப் போவார்கள். நெகட்டிவாவது தப்பியதா என்றால், அது பணம் கொடுத்தவரின் ஈடு. ‘நெகட்டிவ் உரிமை’ கை மாறிக்கொண்டே போகும். நெகட்டிவோ வாடகை பாக்கியோடு லேபில் கிடக்கும். தயாரிப்பாளர் காலமானபின் அந்த டப்பா யாருடையது என்று சொல்ல ஆளிருக்காது. டிஜிட்டல் வந்தபின் அம்பத்தூர் முருகன், ராக்கி போன்ற புறநகர்த் திரையரங்குகளுக்கும் பெட்டி வருவது நின்றது. லேப்களும் மூடின. கேட்பாரற்ற டப்பாக்களுக்கு இருந்த கடைசி நிழலும் போனது.

படம் போனாலும் காகிதம் ஓரளவு நின்றது. கொட்டகை வாசலில் அணாக் கணக்கில் விற்ற பாட்டுப் புத்தகத்தைப் புரட்டினால் நடிக நடிகையர் பட்டியல், பாட்டுகள், ராகத்தின் பெயர், கதைச் சுருக்கம் எல்லாம் இருக்கும். கதை சூடு பிடிக்கும் இடத்தில் ‘மீதியை வெள்ளித்திரையில் காண்க’ என்று முடித்துவிடுவார்கள். வெள்ளித்திரையில் காண வழியில்லாத இன்றைய ஆய்வாளருக்கு அந்த வரி கொஞ்சம் கடுப்பேற்றக்கூடியதுதான். கோட்டையூர் ரோஜா முத்தையா செட்டியார் சேர்த்த நூல்களோடு இந்தப் பாட்டுப் புத்தகங்களும் நோட்டீசுகளும் இப்போது சென்னை தரமணியில், அவர் பெயரால் 1994இல் தொடங்கிய ஆராய்ச்சி நூலகத்தில் இருக்கின்றன.

இன்னொரு பெரிய சேமிப்பு ஃபிலிம் நியூஸ் ஆனந்தனுடையது. ‘நாடோடி மன்னன்’ (1958) காலத்திலிருந்து பத்திரிகைத் தொடர்பாளராக இருந்த அவர், வெளியான ஒவ்வொரு தமிழ்ப்படத்தின் விவரத்தையும் எழுதிவைத்தார்; ஆயிரக்கணக்கான ஸ்டில்களைச் சேர்த்தார். தொகுப்பைத் தமிழக அரசு வாங்கிக்கொண்டது. ‘சாதனைகள் படைத்த தமிழ்த் திரைப்பட வரலாறு’ நூல் அதன் விளைவு. 2016இல் அவர் மறைந்தார். தமிழ்ப்படத்தை ஆய்வுப் பொருளாக எடுத்துக்கொண்டு தியடோர் பாஸ்கரன் எழுதிய நூல்களும் பெருமளவு இத்தகைய காகிதத்தின் மேல்தான் நிற்கின்றன. ஒரு பல்கலைக்கழகமோ ஒரு துறையோ செய்திருக்க வேண்டிய வேலையைத் தனிமனிதர்கள் தங்கள் கைப்பொறுப்பில் செய்தார்கள்.

அரசுத் தரப்பில் 1964இல் புனே காப்பகம் வந்தது, பி.கே.நாயர் அதை வளர்த்தார். கே.சுப்ரமணியத்தின் ‘தியாக பூமி’ (1939) அங்கே இருக்கிறது. அந்த இடத்துக்கும் ஆபத்து வராமலில்லை. 2003 ஜனவரியில் நைட்ரேட் சுருள்கள் இருந்த பெட்டகம் எரிந்தது. தேசியத் திரைப்பட மரபுத் திட்டத்துக்கு ரூ.597 கோடி ஒதுக்கப்பட்டு, பழைய படங்களை டிஜிட்டலாக்கும் வேலை நடக்கிறது.

சீரமைப்பு என்பது பொத்தானை அழுத்தும் வேலையல்ல. சுருளைக் கையால் பிரித்து, கிழிந்த துளைகளை ஒட்டி, கழுவி, ஒவ்வொரு ஃபிரேமாக ஸ்கேன் செய்ய வேண்டும். இரண்டரை மணி நேரப் படத்தில் 2,16,000 ஃபிரேம்கள். பி.ஆர்.பந்துலுவின் ‘கர்ணன்’ 2012 மார்ச்சில் புதுப்பொலிவோடு வந்து நூறு நாள் தாண்டி ஓடியபோது, பழைய படத்துக்கும் சந்தை இருப்பது தெரிந்தது. 2014இல் ‘ஆயிரத்தில் ஒருவன்’ மறுபடி வந்தது. வரவேற்க வேண்டிய முயற்சிகள்தாம். ஆனால் இப்படி வரும் பல படங்களில் சதுரத்தை ஒட்டிய பழைய சட்டகத்தை அகலத் திரைக்காக மேலும் கீழும் வெட்டுகிறார்கள். பின்னணி ஒலியைப் புதிதாகச் சேர்க்கிறார்கள். சிவாஜியின் கிரீடத்தை வெட்டுவது சீரமைப்பு ஆகாது. மறுவெளியீட்டுக்கு என்ன செய்தாலும், மூலம் எப்படி இருந்ததோ அப்படியே ஒரு பிரதி தனியாக இருந்தாக வேண்டும்.

ஒரே பிரதியை நம்பக் கூடாது என்பதற்கு வங்கத்தில் சான்று உண்டு. சத்யஜித் ராயின் அபு வரிசைப் படங்கள் மூன்றின் நெகட்டிவும் 1993இல் லண்டனில் ஹெண்டர்சன் லேபில் தீயில் சிக்கின. கருகிய சுருள்களை யாரும் தூக்கி எறியவில்லை. இருபதாண்டு கழித்து இத்தாலியின் பொலோனா நகரில் அவற்றை ரசாயனத்தில் ஊறவைத்து இளக்கி, ஃபிரேம் ஃபிரேமாக மீட்டார்கள். மீளாத பகுதிகள் அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் இருந்த மாற்றுப் பிரதிகளிலிருந்து கிடைத்தன. 2015இல் படங்கள் திரைக்கு வந்தன. 1919இன் கல்கத்தா ஊமைப்படம் ‘பில்வமங்கள்’ 594 மீட்டர் அளவுக்குப் பாரிஸில் இருந்தது; 2016இல் அதன் டிஜிட்டல் பிரதி புனேக்கு வந்தது. தமிழ்ப்படப் பெட்டிகள் இலங்கைக்கும் மலேயாவுக்கும் பர்மாவுக்கும் தென்னாப்பிரிக்காவுக்கும் போனவை. அங்கெல்லாம் முறையாகத் தேடினால் சில சுருளாவது அகப்படலாம்.

1954ஆம் ஆண்டுச் சட்டப்படி, அச்சாகும் ஒவ்வொரு புத்தகத்திலும் ஒரு படி சென்னை கன்னிமாரா நூலகத்துக்கு வந்தாக வேண்டும். திரைப்படத்துக்கு இந்தியாவில் அப்படிக் கட்டாயம் ஏதுமில்லை. இன்று ஹார்டு டிஸ்கில் கிடக்கும் புதுப்படங்களுக்கும் இதே நிலைதான். டிஸ்க் பழுதானால் வினிகர் நெடிகூட வராது.

பூந்தமல்லி அருகே ரூ.500 கோடியில் அதிநவீனத் திரைப்பட நகரம் அமைக்கப்படும் என்று தமிழக அரசு 2024–25 நிதிநிலை அறிக்கையில் அறிவித்தது. படம் எடுக்க இவ்வளவு இடம் ஒதுக்கும்போது, எடுத்த படத்தை வைக்கக் குளிரூட்டிய பெட்டகம் ஒன்றையும் அந்த வரைபடத்தில் இப்போதே சேர்த்துவிட வேண்டும். தணிக்கைச் சான்று பெறும் ஒவ்வொரு தமிழ்ப்படத்தின் ஒரு பிரதி அங்கே வந்து சேர அரசு விதி செய்ய வேண்டும்.