ஒரே நாளில் இரண்டு டச்சு ஊர்!

ஹாலந்துக்குப் போகிறவர்கள் வழிகாட்டியோடு ஒரே நாளில் நாலு ஊர் பார்த்து வருகிறார்களாம். நமக்கு அந்தச் செலவு வேண்டாம், சகோதரிகளே! ஒரகடத்திலிருந்து வாடகைக் காரில், விவரம் தெரிந்த வழிகாட்டியோடு கிளம்பினால் திருக்கழுக்குன்றம், சதுரங்கப்பட்டினம் இரண்டையும் பார்த்துவிடலாம்.

வெயில் ஏறுமுன் திருக்கழுக்குன்றம் மலை ஏறிவிடுங்கள். 500-க்கும் மேற்பட்ட படிகள்! புளிசாதமும், குழந்தைக்குக் காய்ச்சி ஆறிய நீரும் அவசியம். வேதகிரீசுவரரைத் தரிசித்துவிட்டு, பல்லவர் குடைந்த ஒருகல் மண்டபத்தைக் காட்டச் சொல்லுங்கள். 17-ஆம் நூற்றாண்டில் வந்த டச்சுக்காரர்கள் அங்கே தங்கள் பெயர்களைச் செதுக்கியிருக்கிறார்கள்.

என் பையன் உடனே ஒரு கல்லைத் தேடி எடுத்தான். "துரைமார் எழுதினால் சரித்திரம், நான் எழுதினால் தப்பாம்மா?" எனக்குப் பதில் வரவில்லை.

சதுரங்கப்பட்டினத்தில் வந்தது. நம் நெசவுத் துணியைக் கப்பலேற்ற வந்த டச்சுக்காரர்களின் கோட்டை, இன்று பெரும்பாலும் இடிபாடு. உள்ளே அழகான சிற்ப வேலையோடு கல்லறைகள்.

"பார்த்தாயா? இந்தப் பெயர்கள், இருந்தவர்கள் போனவருக்காகப் பொறித்தது. மலையில் இருப்பது அவரவரே கிறுக்கிக்கொண்டது" என்றேன்.

சட்டைப் பையிலிருந்த கல்லைப் பேசாமல் கீழே போட்டான் பிள்ளை.