தேய்ந்த மண் சொல்லும் சாட்சி

வழித்தகராறு வழக்குகளில் முதலில் பேசுவது பெரும்பாலும் மண்தான். திருவனந்தபுரம் வஞ்சியூர் நீதிமன்றத்திலிருந்து இடத்தைப் பார்த்து அறிக்கை தரும் கமிஷனராகப் போகும் வழக்கறிஞர், இரண்டு புரையிடங்களுக்கு (வீட்டுத் தோட்டங்களுக்கு) நடுவே குனிந்து பார்ப்பது அதைத்தான். தொடர்ந்து மிதிபடும் மண்ணில் துளைகள் அடைபடும். காற்றும் நீரும் இறங்காது, வேர் நுழையாது. சில வாரங்களிலேயே புல் மறைந்துவிடும். ஆனால் மேலோடும் மழைநீர் நுண்மண்ணை அரித்து, இருபுறத்தையும்விடப் பாதை தாழ்ந்துபோவதற்குப் பல மழைக்காலங்கள் வேண்டும். ஓரத்துத் தென்னையும் துணைச்சாட்சி. வளர்ந்த மரம் ஏறக்குறைய மாதத்துக்கு ஒரு மட்டையை உதிர்த்து, தண்டில் ஒரு வளையத் தழும்பை விடுகிறது. தழும்புகளை எண்ணிப் பன்னிரண்டால் வகுத்து, தண்டு எழுவதற்கு முந்தைய சில ஆண்டுகளைக் கூட்டினால் மரத்தின் வயது தோராயமாகக் கிடைக்கும்.

பாதையின் வயது ஏன் வேண்டும்? 1882-ஆம் ஆண்டின் ஈஸ்மெண்ட் சட்டம், 15-ஆம் பிரிவில், அடுத்தவர் நிலத்தில் 20 ஆண்டு வெளிப்படையாக, சண்டையின்றி, தடையின்றி, உரிமையாக நடந்தவருக்கு வழிநடைப் பாத்தியம் தருகிறது. அரசு நிலமென்றால் 30 ஆண்டு. இந்த மாவட்டத்தில் அந்தக் கணக்கு அடிக்கடி தேவைப்படுகிறது. 2011 கணக்கெடுப்பில் சதுர கிலோமீட்டருக்குச் சுமார் 1,500 பேர். மாநிலத்திலேயே மிக நெருக்கம். வீடுகள் தெருவாக நிற்பதில்லை, ஒவ்வொன்றும் தன் தோப்புக்குள். 1925-இன் திருவிதாங்கூர் நாயர் சட்டம் தறவாட்டுச் (கூட்டுக் குடும்பச்) சொத்தில் தனிநபர் பாகப்பிரிவினைக்கு வழிவிட்டது. சாலையோரப் பங்கு ஒருவருக்கு, பின்பங்கு இன்னொருவருக்கு என்று பிரியும்போது பின்பங்குக்காரர் எப்படி வெளியே வருவார்?

இருபது ஆண்டில் உருவான தடத்தை ஜேசிபி ஒரு மணி நேரத்தில் அழித்துவிடும். இடைக்காலத் தடை பிறப்பது இந்த அவசரத்தில்தான். ரோமானியர்களுக்கும் இதே கவலை இருந்தது. கடந்த ஓராண்டில் குறைந்தது 30 நாள், பலாத்காரமின்றி, திருட்டுத்தனமின்றி, கெஞ்சிப்பெற்ற அனுமதியின்றி ஒருவர் அந்த வழியே போயிருந்தால், தடுக்காதே என்று அவர்களுடைய பிரீட்டர் என்ற நீதி அதிகாரி ஆணையிடுவார். பாத்தியம் உண்மையில் யாருக்கு என்பது வேறு வழக்கு. இந்தப் பிரிப்பு எனக்கு இன்றும் வியப்பளிக்கிறது.

தடையை எதிர்க்க வருபவர்கள் சறுக்குவதும் இங்கேதான். "நிலம் என்னுடையது, பத்திரம் இருக்கிறது" என்று முழங்குகிறார்கள். நீதிமன்றம் இப்போது கேட்பது அதையல்ல: முதற்பார்வையில் வழக்கு இருக்கிறதா, தடை இல்லாவிட்டால் ஈடுசெய்ய முடியாத நட்டம் வருமா, யாருக்குச் சிரமம் அதிகம்? எதிர்தரப்பைக் கேட்காமலே நீதிபதி தடை கொடுத்திருந்தால் இரண்டு வாசல்கள் உண்டு. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 39-ஆம் கட்டளை, 4-ஆம் விதியின்படி அதே நீதிமன்றத்தில் நீக்கக் கோரலாம். அல்லது 43-ஆம் கட்டளைப்படி மேல்முறையீடு செய்யலாம். ஒருதலைத் தடை கொடுத்த நீதிமன்றம் 30 நாளில் தடை மனுவை முடிக்க முயல வேண்டும். முடிக்காமல் இழுத்தால் மேல்முறையீட்டு நீதிமன்றம் மேல்முறையீட்டைக் கேட்கலாம் என்று, சென்னையிலிருந்து போன வழக்கொன்றில் 2000-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத்தில் எழுதியவர், கேரளத்தைச் சேர்ந்த நீதிபதி கே.டி. தாமஸ்.

மேல்முறையீட்டில் புதிதாக எடைபோடச் சொன்னால் எடுபடாது. கீழ்நீதிமன்றம் எடுத்த முடிவு தன்னிச்சையானது அல்லது சட்டக் கோட்பாடுகளைப் புறக்கணித்தது என்று காட்ட வேண்டும். 1990-இல் வாண்டர் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த அளவுகோல் இது. அங்கும் தோற்றால் இரண்டாம் மேல்முறையீடு கிடையாது. அரசியல் சட்டத்தின் 227-ஆம் பிரிவைப் பிடித்து எர்ணாகுளத்திலுள்ள உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம், ஆனால் அது மேற்பார்வை மட்டுமே. தடை நீங்கும்வரை கீழ்ப்படிந்தாக வேண்டும். மீறினால் சொத்து ஜப்தியும் மூன்று மாதம் வரை உரிமையியல் சிறையும் வரலாம். பக்கத்துவீட்டுக்காரர் நீதிமன்றம் போவார் என்று முன்பே தெரிந்தால், என்னைக் கேட்காமல் உத்தரவு தராதீர்கள் என்று கேவியட் மனு போட்டு வைப்பது மலிவான காப்பு. அது 90 நாள் நிற்கும்.

என் கருத்தில், எதிர்ப்பவருக்குக் கூர்மையான ஆயுதம் அகலம்தான். ஒருவகை வழிப்பாத்தியம் இன்னொரு வகையை உள்ளடக்காது என்கிறது ஈஸ்மெண்ட் சட்டத்தின் 28-ஆம் பிரிவு. நடந்து பெற்ற பாத்தியத்தில் கார் ஓடாது. வாதி பத்தடி வண்டிவழி கேட்டுத் தடை வாங்கியிருப்பார். கமிஷனர் அறிக்கையில் தேய்ந்த மண் மூன்றடிதான் இருக்கும்.