இருந்தும் இல்லாத பிள்ளைகள்

பெட்டிக்குள் அடைத்த பூனை, திறந்து பார்க்கும் வரை உயிரோடும் இருக்கிறது, செத்தும் கிடக்கிறது. 1935-இல் இயற்பியல் அறிஞர் ஷ்ரோடிங்கர் சொன்ன கற்பனைச் சோதனை இது. நம்மிடையே சில பிள்ளைகளுக்கு இதுதான் வாழ்க்கை.

கம்போங் மேடானில் பிறந்து வளர்ந்தாலும், பிறப்புப் பத்திரம் இல்லாத பிள்ளை அரசாங்கப் பதிவேட்டில் இல்லை. 12 வயதில் அடையாள அட்டை கிடைக்காது. வங்கிக் கணக்கும் முறையான வேலையும் எட்டாது.

தந்தை மலேசியர், தாய் வெளிநாட்டவர், திருமணம் பதிவாகவில்லை என்றால் பத்திரம் இருந்தும் சிக்கல்தான். அப்போது சட்டம் தாயின் குடியுரிமையைத்தான் பார்க்கும்.

கோயிலில் தாலி கட்டினால் மட்டும் போதாது. பிள்ளை பிறக்கும் முன்பே திருமணத்தைப் பதியுங்கள். பிறந்த 60 நாளுக்குள் பிள்ளையின் பெயரைத் தேசியப் பதிவு இலாகாவில் பதிந்துவிடுங்கள்.