கள்ளியா, காக்டஸா? உங்கள் தொட்டியில் இருப்பது எது, அதைப் பூக்க வைப்பது எப்படி?

போடிநாயக்கனூரிலிருந்து குரங்கணி போனால், மேலே ஏலக்காய்த் தோட்டங்கள். கீழே வறண்ட சரிவுகளில் முட்புதரும் கள்ளியும். தென்மேற்குப் பருவமழை பெரும்பாலும் கேரளப் பக்கமே கொட்டித் தீர்ந்துவிடுகிறது. கிழக்கே இருக்கும் போடி மழைமறைவுப் பகுதி. அக்டோபர், நவம்பர் மழைதான் இங்கே முக்கியம்.

அடிவாரத்தில் நிற்கும் கள்ளியும், ஆன்லைனில் ஆர்டர் போட்டு ஆபீஸ் மேஜையில் வைக்கும் குட்டிச் செடியும் சொந்தம் போலத் தெரியும். ஆனால் இரண்டும் வேறு வேறு குடும்பம். இது தெரியாவிட்டால் செடி அழுகலாம். கண்ணுக்கே ஆபத்தும் வரலாம்.

இரண்டும் எப்படி வேறு?

காக்டஸ் குடும்பத்தின் தாயகம் அமெரிக்கக் கண்டங்கள். ரிப்சாலிஸ் என்ற ஒரே ஒரு இனம் மட்டும் ஆப்பிரிக்காவிலும் இலங்கையிலும் இயற்கையாக வளர்கிறது. நம்ம ஊர் சதுரக்கள்ளி, இலைக்கள்ளி, திருகுகள்ளி எல்லாம் யூபோர்பியா இனம், ஆமணக்கின் உறவு. வறட்சியைத் தாங்க இரண்டுமே தண்டில் நீரைச் சேமித்ததால் உருவம் ஒன்றுபோல் ஆகிவிட்டது.

எதைப் பார்த்துக் கண்டுபிடிப்பது?

முள் முளைக்கும் இடத்தைப் பாருங்கள். அங்கே பஞ்சு வைத்தது போல ஒரு சின்னத் திண்டு இருந்தால் அது காக்டஸ். அது இல்லாமல், தண்டின் விளிம்பில் முட்கள் ஜோடி ஜோடியாக இருந்தால் பெரும்பாலும் யூபோர்பியா. கீறினால் பால் வருகிறதா என்று சோதிக்க வேண்டாம். சில மாமிலேரியா காக்டஸிலும் பால் உண்டு.

கள்ளிப்பால் கண்ணில் பட்டால் கருவிழி புண்ணாகும். உடனே சுத்தமான தண்ணீரில் 15 நிமிடமாவது கழுவி, கண் மருத்துவரிடம் போக வேண்டும். வெட்டும்போது கையுறை கட்டாயம்.

மூன்றாவதாக ஒன்றும் உண்டு: கள்ளிமுளையான். தமிழகத்தின் வறண்ட பாறைச் சரிவுகளில் வளரும் இது, எருக்குக் குடும்பம். விரல் போன்ற நான்கு பட்டைத் தண்டு, முள்ளே கிடையாது, நட்சத்திரம் போலச் சின்னப் பூ. கிராமங்களில் துவையல் அரைப்பார்கள். உடல் எடையைக் குறைக்கும் என்று இதன் சாறு மாத்திரையாகவும் விற்கப்படுகிறது.

கடையில் எப்படி ஏமாறாமல் வாங்குவது?

* பூ காகிதம் போல மொறமொறவென்று, மாதக்கணக்கில் வாடாமல் இருந்தால் சந்தேகப்படுங்கள். சாயமேற்றிய உலர்பூவைப் பசை வைத்து ஒட்டியிருப்பார்கள். உண்மையான பூ சில நாட்களில் வாடிவிடும்.
* சிவப்பு, மஞ்சள் உருண்டையுடன் வரும் ‘மூன் காக்டஸில்’ அந்த உருண்டை பூ அல்ல. பச்சையம் இல்லாத ஜிம்னோகாலிசியத்தை இன்னொரு காக்டஸ் மேல் ஒட்டுக் கட்டியது. பெரும்பாலும் சில ஆண்டுகள்தான் தாங்கும்.
* புதிதாக வளர்ப்பவர்களுக்கு மாமிலேரியா நல்லது. உச்சியைச் சுற்றி வளையம் கட்டியது போல இளஞ்சிவப்பு அல்லது வெள்ளைப் பூ வைக்கும்.

எப்படி வளர்ப்பது?

அடியில் ஓட்டை உள்ள சின்ன மண்தொட்டி போதும். பாதி பருமணலும் சிறு ஜல்லியும், மீதி செம்மண்ணும் மட்கிய உரமும். வெறும் தேங்காய்நார்க் கழிவில் வந்தால் மாற்றி நடுங்கள். அது ஈரத்தைப் பிடித்து வைத்துக்கொள்ளும்.

காலை வெயில் 4 மணி நேரமாவது வேண்டும். ஏசி அறை மேஜையில் உயிரோடு இருக்கும்; பூக்காது. தண்ணீர் ஊற்றும் முன் ஒரு குச்சியைத் தொட்டியின் அடிவரை விடுங்கள். ஈரமண் ஒட்டி வந்தால் அன்றைக்குத் தண்ணீர் வேண்டாம். காய்ந்திருந்தால் அடியில் வடியும்வரை ஊற்றி, மறுபடி காயவிடுங்கள். வடகிழக்குப் பருவமழையின்போது தொட்டி கூரைக்குள் இருக்கட்டும். நம்ம ஊரில் காக்டஸ் வெயிலில் செத்ததைவிடத் தண்ணீரில் செத்ததுதான் அதிகம்.

பூக்க வேண்டுமென்றால் செடிக்கு ஓய்வு தேவை. டிசம்பர், ஜனவரியில் தண்ணீரை வெகுவாகக் குறைத்து, நல்ல வெளிச்சத்தில் வையுங்கள். அந்தக் குளிர்ந்த, வறண்ட ஓய்வுதான் மொட்டு விடத் தூண்டும். ஆண்டிஸ் மலையைச் சேர்ந்த ரெபூஷியாவுக்கு இந்தக் குளிர் ரொம்ப முக்கியம்; சென்னையில் கஷ்டம், மலைச்சரிவு ஊர்களில் முயலலாம்.

மலையிலிருந்து எடுத்து வரலாமா?

கூடாது. காப்புக்காட்டில் அனுமதியின்றிச் செடி பிடுங்குவது வனச் சட்டப்படி குற்றம். பாறை இடுக்கில் மெதுவாக வளரும் கள்ளிமுளையானை வேரோடு எடுத்தால் அந்த இடத்தில் திரும்ப வருவது கடினம். நர்சரியில் வளர்த்ததை வாங்குங்கள்.

அதேபோல, வேண்டாத காக்டஸை மலையில் வீசவும் கூடாது. நம்ம ஊர்ச் செடி என்று பலர் நினைக்கும் சப்பாத்திக்கள்ளி, உண்மையில் அமெரிக்காவிலிருந்து வந்த காக்டஸ். ஒரு துண்டு மண்ணில் விழுந்தாலே வேர்விடும். தென்னிந்திய நிலங்களை அது அடைத்துக்கொண்டதால், 1926-ல் இலங்கையிலிருந்து ஒரு வகைச் செதில்பூச்சியைக் கொண்டுவந்து விட்டுத்தான் கட்டுப்படுத்தினார்கள். அழுகிய செடியையும் வெட்டிய துண்டையும் நன்றாகக் காயவைத்து, கட்டிக் குப்பையில் போடுவதே பாதுகாப்பு.